கிணறு வெட்டிய நடிகை

அவர் ஏழு படங்களில் நடித்தார். ஆறு படங்களில் அவர் பெயர் கிடையாது. ஏழாவதில் பெயர் இருந்தது. அந்தப் படத்தை நூறு பேர்கூடப் பார்த்திருக்க மாட்டார்கள். முதல் ஆறு படங்களையோ திண்டுக்கல் வட்டாரத்தில் பார்க்காத ஆளே இல்லை என்று சொல்லலாம். காட்டியது நான்தான்.

ஐம்பதுகளின் கடைசியில் சர்க்கார் பிரச்சார வேனில் எனக்கு ஆபரேட்டர் வேலை. ஒரு புரொஜெக்டர், ஒரு ஜெனரேட்டர், ஒரு லவுட்ஸ்பீக்கர், இரண்டு மூங்கிலுக்கு நடுவே இழுத்துக் கட்ட ஒரு வெள்ளைத் துணி. நத்தம், வேடசந்தூர், தொப்பம்பட்டி என்று வாரம் முழுக்க ஊர் ஊராகப் போவோம். அம்மை குத்திக்கொள்ளுங்கள், எருக்குழி வெட்டுங்கள், பிள்ளைகளைப் பள்ளிக்கூடத்துக்கு அனுப்புங்கள் என்று சொல்லும் பத்து நிமிடப் படங்கள். ஆட்டம் பாட்டம் இருக்கும் என்று நம்பி ஜனம் வந்து உட்காரும். இல்லை என்று தெரிந்த பிறகும் எழுந்து போகாது. படம் என்றால் படம்தானே.

வெளியூரிலிருந்து படம் எடுக்க ஆட்கள் வந்தால் வழிகாட்ட என்னைத்தான் அலுவலகத்திலிருந்து அவர்களோடு அனுப்புவார்கள். அப்படித்தான் அக்காவைத் தெரியும்.

எரியோட்டுக்குப் பக்கத்து ஊர். படக்காரர்கள் ‘எரியோட்டம்மா’ என்பார்கள், எனக்கு அக்கா. முப்பத்தைந்து வயதிருக்கும். நல்ல உயரம். காதில் தண்டட்டி ஆடும். புருஷன் காய்ச்சலில் போய்ச் சேர்ந்து ஆறேழு வருஷம் ஆகியிருந்தது. பிள்ளை இல்லை. இரண்டு ஏக்கர் நிலத்தில் கத்திரியும் மிளகாயும் போட்டு, கூடையில் சுமந்து திண்டுக்கல் சந்தைக்குக் கொண்டுவந்து விற்றுவிட்டுப் போவார். அம்மை ஊசிப் படம் எடுக்க வந்த டைரக்டர் சந்தையில் அவரைப் பார்த்தார். தராசுக்காரனிடம், “தராசை ஏன் சாய்க்கிற? நிமித்திப் பிடி” என்று அக்கா சத்தம் போட்டுக்கொண்டிருந்த நேரம். டைரக்டர் என் கையைப் பிடித்து நிறுத்தினார். “அந்த முகம் வேணும்” என்றார்.

அக்கா யோசிக்கவே இல்லை. “எத்தனை நாளு?” என்று மட்டும் கேட்டார். மறுநாளே படப்பிடிப்புக்கு வந்துவிட்டார்.

கதை இதுதான். ஊசி போடும் டாக்டர் ஊருக்குள் வருகிறார். விவரம் தெரியாத ஒரு கிராமத்துப் பெண் பயந்து ஓடி வைக்கோல் படப்புக்குப் பின்னால் ஒளிகிறாள். வாத்தியார் புத்தி சொல்ல, திருந்தி வந்து கையை நீட்டுகிறாள். டைரக்டர் பொறுமையாக விளக்கினார். நல்ல மனிதர். வெயிலுக்குத் தொப்பி போட்டுக்கொண்டு, எல்லோரையும் ‘வாங்க’ ‘போங்க’ என்றுதான் பேசுவார்.

“நான் எதுக்குய்யா ஓடணும்?” என்றார் அக்கா.

“கதையில அப்படி, அம்மா.”

“எங்க ஊருல ஊசி போட வந்தப்ப மொத ஆளா நின்னது நான். ஓடுனது யாரு தெரியுமா? ஊரு மணியக்காரரு. அவரைக் கூட்டியாந்து ஓடச் சொல்லுங்க.”

யூனிட்டில் எல்லோரும் சிரித்தார்கள். டைரக்டரும் சிரித்தார். ஆனால் அக்கா சிரிக்கவில்லை. அரை நாள் பேசிப் பார்த்தார்கள். “நடிக்கத்தானே வந்திருக்கீங்க?” என்று கேட்டார்கள். “நடிக்கிறேன். ஆனா இதைக் கதைன்னு சொல்லியா காட்டப் போறீக? கிராமத்துப் பொம்பளைன்னா இப்படித்தான்னுல்ல காட்டுவீக?” என்றார். கடைசியில் ஓடுவதற்கு வேறு ஒரு பெண்ணைப் பிடித்தார்கள். அக்கா வரிசையில் முதல் ஆளாக நின்று, ரவிக்கைக் கையை மேலே ஏற்றிவிட்டு, ஊசியைப் பார்க்காமல் கேமராவையே பார்த்தார். கேமராவைப் பார்க்கக் கூடாது என்று சொல்லியும் பார்த்தார். அந்த இடத்தை டைரக்டர் வெட்டவில்லை. நான் அதை ஊர் ஊராக நூற்றுக்கணக்கான தடவை ஓட்டியிருக்கிறேன். அந்த முகம் வரும்போது பேசிக்கொண்டிருக்கும் கூட்டம் செத்த நேரம் பேச்சை நிறுத்தும். தொப்பம்பட்டியில் ஒரு பாட்டி என்னிடம் வந்து, “ஏனுங்க, அந்தம்மா நம்மளைத்தானுங்க பார்க்குது?” என்று கேட்டுவிட்டுப் போனார்.

பேசவும் செய்வார். அதுதான் வேடிக்கை. எல்லாப் படத்திலும் அவர் வாய் அசையும். கேட்பதோ மதராஸில் ஏதோ ஒரு அறையில் உட்கார்ந்து ஒரு ஆண் பேசிய கனத்த குரல். எருக்குழிப் படத்தை அவர் ஊரிலேயே காட்டியபோது, திரையில் அக்கா குப்பையை அள்ளிக் கொட்ட, அந்தக் குரல், ‘அறியாமை இருளில் உழன்ற இந்தப் பெண்மணி இன்று விழிப்புற்றாள்’ என்றது. படம் முடிந்ததும் அக்கா நேராக வேனுக்கு வந்தார்.

“யாரு அப்பு அறியாமையில உழண்டது?”

“பொதுவாச் சொல்றது அக்கா.”

“பொதுவாச் சொல்றதா இருந்தா பொதுவா ஒரு மூஞ்சியப் போடு. என் மூஞ்சியப் போட்டுட்டு என்ன பொது?”

அன்றிலிருந்து அந்த வரி வரும் இடத்தில் லவுட்ஸ்பீக்கரின் சத்தத்தைக் குறைத்துவிடுவேன். மேலதிகாரி ஒருமுறை கவனித்துக் கேட்டார். ஒயர் லூஸ் என்றேன். நான் வேலையில் செய்த எதிர்ப்பு என்றால் அவ்வளவுதான்.

பெயர் விஷயத்தையும் சொல்லிவிடுகிறேன். படம் தொடங்கும்போது ஒளிப்பதிவு, ஒலிப்பதிவு, இசை எல்லாவற்றுக்கும் பெயர் வரும். நடித்தவர்களுக்கு வராது. அக்கா டைரக்டரிடம் கேட்டார். “பெயர் போட்டா நடிப்புன்னு ஜனங்க நினைச்சிடுவாங்க அம்மா. இவங்க நெசமான கிராமத்து ஜனங்க, அதுதான் படத்துக்கு மதிப்பு” என்றார் அவர். “நெசமா அழுதேன்னா என்னத்துக்கு ஏழு தடவ அழச் சொன்னீக?” என்று கேட்டார் அக்கா. எனக்கு மனசு கேட்காமல், ஒருநாள் படம் போடும் முன் மைக்கில் அவர் பெயரைச் சொல்லிவிட்டேன். சந்தோஷப்படுவார் என்று நினைத்தேன். மறுவாரம் சந்தையில் பிடித்துக்கொண்டார். “அவுக போடாத பேரை நீ மைக்குல சொல்லி ஈடு கட்டாத. போட வேண்டியவுக போடட்டும்.” அதனால்தான் நானும் இங்கே பெயரை எழுதவில்லை.

இதெல்லாம் சிரித்துக்கொண்டே சொல்லக்கூடியவை. மூன்றாவது படம் அப்படி இல்லை.

குடும்பச் சேமிப்பைப் பற்றிய படம். அதில் அக்காவுக்கு ஒரு புருஷன் உண்டு; பழனிப் பக்கத்து நாடகக்காரர் ஒருவர். காட்சிக்காக அக்காவுக்கு நெற்றியில் பொட்டு வைத்து, தலையில் மல்லிகை வைத்தார்கள். இருவரும் வாசலில் நின்று, பள்ளிக்கூடம் போகும் பிள்ளைக்குக் கையாட்ட வேண்டும். அவ்வளவுதான். அந்தப் படம் திண்டுக்கல் தியேட்டர் ஒன்றில் பெரிய படத்துக்கு முன்னால் ஓடியது. ஊர்க்காரர்கள் நாலு பேர் பார்த்துவிட்டார்கள்.

காளியம்மன் கோயில் முன்னால் ஊர் கூடியது. தாலியறுத்தவள் பொட்டும் பூவும் வைத்துக்கொண்டு எவனோ ஒருத்தனுக்குப் பெண்டாட்டியாக நின்றாள் என்பது பிராது. பிராது கொடுத்தது அவருடைய சொந்தக் கொழுந்தன், புருஷனின் தம்பி. கோயிலில் எரியும் சூடத்தை அணைத்துச் சத்தியம் செய்து, இனிமேல் படத்துக்குப் போக மாட்டேன் என்று சொல்ல வேண்டும். சொல்லாவிட்டால் கிணற்றில் முறை கிடையாது. அண்ணன் தம்பி இருவருக்கும் பொதுவான கிணறு அது. வாரத்தில் மூன்று நாள் அக்காவின் முறை. அந்த மூன்று நாளும் மாடு பூட்டி இறைக்கும் கமலைத் தண்ணீர் அக்காவின் நிலத்துக்குப் பாயும்.

அன்று படம் காட்ட வந்திருந்த நானும் கூட்டத்தின் ஓரத்தில் நின்றேன். அக்கா வந்தார். நெற்றியில் பொட்டு இருந்தது. படப்பிடிப்பு முடிந்து மாதக்கணக்கு ஆகிவிட்டது. அதுவரை அவர் பொட்டு வைத்து நான் பார்த்ததில்லை. இதற்கென்றே வைத்துக்கொண்டு வந்திருந்தார்.

“அழிச்சிட்டு வந்து பேசு” என்றார் ஒரு பெரியவர்.

“அன்னைக்கு மேக்கப்காரன் வச்சான், அழிச்சேன். இது நானா வச்சது” என்றார் அக்கா. “படத்துல பக்கத்துல நின்னவரு பேருகூட எனக்குத் தெரியாது. அவரு நடிச்சாரு, நான் நடிச்சேன். தப்புன்னா ரெண்டு பேருக்கும் தப்பு. அவரைக் கூப்பிட்டு சூடம் அணைக்கச் சொல்லுங்க. அவரு அணைச்சா மறுநாளு நான் அணைக்கிறேன்.”

தண்ணீர் நின்றது. மிளகாய்ச் செடி நாலு நாளில் தலை தொங்கியது. கோர்ட்டுக்குப் போகலாமே என்று நான் சொன்னேன். “கேசு பத்து வருசம் நிக்கும். செடி நிக்காதுல்ல” என்றார். குடத்தில் ஏரித் தண்ணீரைச் சுமந்து வந்து கால்வாசிச் செடியைக் காப்பாற்றினார். மீதி கருகியது. அடுத்த படத்துக்கு ஆள் வந்தபோது மண்வெட்டியை அப்படியே போட்டுவிட்டு வந்தார். பொட்டோடு வந்தார். அதன் பிறகு நான் அவரைப் பொட்டில்லாமல் பார்க்கவில்லை.

கிணறு வெட்டும் படம் ஆறாவது. வறண்ட காட்டில் ஒரு பெண் கடப்பாரையை ஓங்கிப் போடுகிறாள், ஊர் கூடிக் கை கொடுக்கிறது, தண்ணீர் பீறிடுகிறது. அதே தொப்பிக்கார டைரக்டர். கூட ஒரு கண்ணாடி போட்ட உதவியாளர் இருந்தார். வெயிலைத் திருப்பிவிடும் தகரத்தட்டைப் பிடிப்பது அவர் வேலை. இடம் பார்க்கப் போனோம். ரோட்டோரப் பொட்டல் ஒன்றைக் காட்டி டைரக்டர் சொன்னார்: “இங்க ரெண்டடி மூணடி வெட்டினா போதும். வெட்டுற மாதிரி காட்டிக்கலாம்.”

“வெட்டுற மாதிரின்னா?”

“படத்துக்குத்தானே அம்மா.”

“எப்படியும் வெட்டத்தானே போறீக? என் நிலத்துல வந்து வெட்டுங்க” என்றார் அக்கா. “உங்களுக்குப் படமாச்சு, எனக்குக் குழியாச்சு.”

ஊரில் நடந்தது டைரக்டருக்கும் தெரியும். அவருடைய படத்தால் வந்த வினைதானே. “வண்டியைத் திருப்புங்க” என்றார்.

மூன்று நாள் வெட்டினார்கள். வேடிக்கை பார்க்க வந்த ஊர்க்காரர்களையே டைரக்டர் உள்ளே இறக்கிவிட்டார். கேமரா ஓடுகிறது என்றதும் அக்காவை விலக்கிவைத்தவர்களும் மண் சுமந்தார்கள். முகம் தெரிகிற மாதிரி சுமந்தார்கள். அக்கா அவர்களுக்கும் கூடை கூடையாக எடுத்துக் கொடுத்தார். ஓராள் ஆழம் போனது. நாலாம் நாள் படக்காரர்கள் கிளம்பிவிட்டார்கள். ஊர்க்காரர்களும் வரவில்லை. தண்ணீர் பீறிடும் காட்சியை வேறு ஒருவர் தோப்பில், நிறைந்து கிடந்த கிணற்றில் எடுத்துக்கொண்டார்கள்.

அந்தப் படத்தை அவர் ஊரில் போட்டபோது கூட்டம் சிரித்தது. “அது தோப்புக்காரர் கிணறுல்ல!” என்று யாரோ கத்தினார்கள். அக்கா நடுக்கூட்டத்தில் எழுந்தார். புரொஜெக்டர் வெளிச்சம் அவர் தலையில் பட்டு, திரையில் பாதி மறைந்தது.

“ஆமா, அது வேற கிணறுதான். என் கிணத்துல இன்னும் தண்ணி வரல. வந்தா நானே கூப்பிட்டுக் காட்டுறேன், இப்ப உக்காந்து படத்தைப் பாருங்க.”

தண்டட்டியைக் கழற்றி விற்றார். கிணறு வெட்டும் ஆட்கள் இரண்டு பேரைப் பிடித்தார். செம்மண் முடிந்து சுக்கான் கல் வந்தது. சுக்கான் முடிந்து பாறை. வேட்டு வைத்துத் தகர்த்தார்கள். ஆட்களுக்குக் கொடுக்க இல்லாத மாதங்களில் அவரே இறங்கித் தனியாக உளியடித்தார். நான் அந்தப் பக்கம் போகும்போதெல்லாம் எட்டிப் பார்ப்பேன். குழிக்குள்ளிருந்து குரல் மட்டும் வரும்: “வந்துட்டியா அப்பு, அந்தக் கூடையை இழு.” இழுப்பேன். இரண்டு கோடை போனது. எனக்கு நம்பிக்கை போய்விட்டது. நேரில் சொல்லவும் செய்தேன். “உனக்கு நம்பிக்கை இல்லாட்டிப் போகட்டும், கூடையை இழு” என்றார்.

தண்ணீர் வந்த அன்று நான் அங்கே இல்லை. சந்தையில் என்னைப் பார்த்ததும், “உப்பு” என்றார். எனக்குப் புரியவில்லை. “தண்ணி லேசா உப்பு அப்பு. கத்திரிக்கு ஆகும்” என்றார். சொல்லும்போது வாய் கோணியது. சிரிப்பா அழுகையா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. சொன்னபடி ஊரைக் கூப்பிட்டுக் காட்டினாராம். பாதிப் பேர் வந்தார்களாம். கொழுந்தன் வரவில்லை.

அறுபதுகளின் நடுவில் அந்தக் கண்ணாடிக்காரர் திரும்ப வந்தார். சர்க்கார் வேலையை விட்டுவிட்டு, நண்பர்களைச் சேர்த்துக்கொண்டு, சொந்தமாக ஒரு கதைப் படம் எடுக்கக் கிளம்பியிருந்தார். பாட்டு கிடையாது, பேர் பெற்ற நடிகர் கிடையாது. கிணற்றில் முறை மறுக்கப்பட்ட ஒரு விதவை தனியாகக் கிணறு வெட்டுகிறாள் என்பது கதை. “உங்க கதைதான் அக்கா. நீங்கதான் கதாநாயகி” என்றார். நான்தான் அவரைக் கூட்டிப் போயிருந்தேன்.

அக்கா கத்திரிச் செடிக்கு மண் அணைத்துக்கொண்டே கேட்டார். “அதைத்தான் நான் செஞ்சு முடிச்சாச்சே. திரும்ப என்னத்துக்கு வெட்டுற மாதிரி வெட்டணும்? தண்ணியை மறிக்கிறது யாரு உங்க கதையில?”

“அவளோட ஓரகத்தி. புருஷனோட தம்பி பெண்டாட்டி.”

“அந்த வேஷத்தைக் குடுங்க.”

கண்ணாடிக்காரர் திகைத்துப் போனார். அவள் கெட்டவள் என்றார். ஜனங்கள் உங்களை வெறுப்பார்கள் என்றார். “வெறுக்கட்டும். ஆறு படத்துல கெஞ்சிப் பாத்தேன், திருந்திப் பாத்தேன். நடிக்கிறதுன்னா எனக்கு இல்லாத ஒண்ணை நான் செய்யணும். அம்புட்டு நாளு எதிர்ல நின்னு பாத்திருக்கேன், எப்படி மறிக்கிறதுன்னு எனக்குத் தெரியாதா?” என்றார்.

எரியோட்டிலும் நத்தத்து மாந்தோப்புகளிலும் எடுத்தார்கள். ஒரு சண்டை மட்டும் வந்தது. கடைசியில் மழை பெய்து, ஓரகத்தி மனம் மாறி மடையைத் திறந்துவிடுவதாகக் கதை. அக்கா மாட்டேன் என்றார். “மழை பெஞ்சா நெலம் நனையும். மனுசன் எங்க மாறுறான்?” என்றார். இரண்டு நாள் படப்பிடிப்பு நின்றது. மூன்றாம் நாள் கண்ணாடிக்காரர் கதையை மாற்றினார்: மழை பெய்யும், ஓரகத்தி மடையைத் திறக்க மாட்டாள்.

வாங்கி வெளியிட ஆள் கிடைக்கவில்லை. திண்டுக்கல்லில் ஒரு தியேட்டரில் கெஞ்சிக் கூத்தாடி ஒரு ஞாயிற்றுக்கிழமை காலைக் காட்சிக்கு இடம் வாங்கினோம். ஐம்பது அறுபது பேர் இருப்பார்கள். திரையில் முதல் பெயராக அக்காவின் பெயர் வந்தது. அக்கா எனக்குப் பக்கத்தில் உட்கார்ந்திருந்தார். எழுத்துக் கூட்டிப் படித்தார். எங்களுக்கு இரண்டு வரிசை முன்னால் அவருடைய கொழுந்தன், துண்டைத் தோளில் போட்டுக்கொண்டு. யார் சொல்லி வந்தார் என்று தெரியாது.

கிணற்று மேட்டுக் காட்சி வந்தது. விதவையாக நடித்த பெண் கையேந்தி நிற்கிறாள். திரையில் அக்கா அவளைத் திட்டவில்லை, முகத்தைக்கூடக் கடுக்கவில்லை. ஒரு புல்லைப் பிடுங்கிப் பல்லில் கடித்தபடி வானத்தைப் பார்க்கிறார். “நானா மறிக்கிறேன்? ஊரு சொல்லுது” என்கிறார் மெதுவாக, வருத்தப்படுகிறவர் போல. பிறகு கமலை மாட்டைத் தட்டித் தன் நிலத்துப் பக்கம் ஓட்டுகிறார். அப்போதுதான் முதல்முறையாக அவர் நடித்து நான் பார்க்கிறேன் என்று தோன்றியது. முன்னால் கொழுந்தன் எழுந்தார். வரிசையில் கால்களை மிதித்துக்கொண்டு வெளியே போய்விட்டார்.

படம் முடிந்து வந்தோம். கொழுந்தன் போய்விடவில்லை. தியேட்டர் எதிரே எரியோட்டு பஸ் நிற்கும் இடத்தில், வேப்பமர நிழலில் நின்றுகொண்டிருந்தார். அக்காவும் அங்கேதான் போக வேண்டும். போய் நின்றார். கோயில் முன்னால் கூடிய அந்த நாளுக்குப் பிறகு இருவரும் பேசியதில்லை.

கொழுந்தன்தான் வாயைத் திறந்தார். “மதினி.”

அக்கா திரும்பினார்.

“நான் பாதியில வந்துட்டேன். கடைசியில என்ன ஆச்சு? அவ தண்ணி விட்டாளா?”

“விடலை.”

அவர் துண்டால் கழுத்தைத் துடைத்தார். ரோட்டைப் பார்த்தார். “மழையும் பேஞ்சுச்சுன்னு வெளிய வந்தவுக சொன்னாக. விட்டிருக்கலாம்ல?”

“விட்டிருக்கலாம்” என்றார் அக்கா. “யாரு வேணாம்னா?”

கொழுந்தன் தலையைக் குனிந்துகொண்டு நின்றார். நான் என்ன செய்வதென்று தெரியாமல் செருப்பைப் பார்த்தேன். பஸ் வந்தது. அக்கா முதலில் ஏறி, ஜன்னலோரம் உட்கார்ந்து, கீழேயே நிற்கிறவரைப் பார்த்தார்.

“ஏறுங்க. ஒரே ஊருக்குத்தானே போறோம்” என்றார்.